நிலம் மியூனிக்கில், வழக்கு மிலானில்: ஒரு விற்பனையும் இரண்டு நீதிமன்றங்களும்

நிலத் தகராறில் "கேஸை எந்தக் கோர்ட்டில் போடுவது?" என்பதை முதல் நாள் முடித்துவிட்டு மறந்துவிடலாம் என்று கட்சிக்காரர்கள் நினைப்பார்கள். எதிர்த்தரப்பும் வேறொரு ஊரில் தன் பங்குக்கு ஒரு வழக்கைப் போட்டுவிட்டால் அந்தக் கேள்வியே முழு வழக்காகிவிடும். யாருக்கு நிலம் என்பதைப் பேசுவதற்குள் ஆண்டுகள் ஓடிவிடும். இதற்கு நான் பார்த்தவற்றில் மிகச் சுத்தமான உதாரணம், ஐரோப்பிய ஒன்றிய நீதிமன்றம் 2014 ஏப்ரல் 3 அன்று தீர்ப்பளித்த சி-438/12 என்ற வழக்கு. இரண்டு சகோதரிகள், ஒரு மகன், ஒரு நிறுவனம், மியூனிக்கில் ஒரு சொத்து. தனிப்பட்ட மனிதர்கள் என்பதால் பெயர்களை விட்டுவிடுகிறேன்.

நடந்தது

மியூனிக் நகரில் இருக்கும் அந்தச் சொத்து சகோதரிகள் இருவருக்கும் பொது. ஒருவருக்குப் பத்தில் ஆறு பங்கு, இன்னொருவருக்குப் பத்தில் நான்கு. 1971 டிசம்பர் 20 அன்று நோட்டரி முன்னிலையில் எழுதப்பட்ட ஒரு பத்திரத்தின்படி, நான்கு பங்குக்காரர் தன் பங்கை வெளியாருக்கு விற்க முனைந்தால், அதே விலைக்கு ஆறு பங்குக்காரர் குறுக்கிட்டு வாங்கிக்கொள்ளலாம். முன்வாங்கும் உரிமை என்று சொல்வோமே, அதுதான். வாய்ப்பேச்சாகவோ குடும்ப ஒப்பந்தமாகவோ அது நின்றுவிடவில்லை. மியூனிக் நிலப் பதிவேட்டில் முறையாக ஏறியிருந்தது. வழக்கு பின்னால் எந்தப் பக்கம் சாய்ந்தது என்பதற்கு இந்தப் பதிவு முக்கியக் காரணம்.

ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் கழித்து, 2009 அக்டோபர் 28 அன்று, நான்கு பங்குக்காரர் தன் பங்கை ஒரு நிறுவனத்துக்கு விற்று ஒப்பந்தம் போட்டார். நிறுவனம் ஜெர்மன் சட்டப்படி அமைந்தது. அதன் இயக்குநர்களில் ஒருவர் விற்றவரின் சொந்த மகன், மிலானில் வக்கீல். சில நிபந்தனைகளின் பேரில் 2010 மார்ச் 28 வரை விற்பனையிலிருந்து பின்வாங்கும் உரிமை விற்பவருக்கு உண்டு என்று ஒப்பந்தத்தில் ஒரு ஷரத்து இருந்தது.

ஒப்பந்தத்தை எழுதிய நோட்டரி மற்ற சகோதரிக்குத் தகவல் சொன்னார். அவர் 2009 டிசம்பர் 18 அன்று கடிதம் எழுதி, தன் முன்வாங்கும் உரிமையைப் பயன்படுத்துவதாக அறிவித்தார். 2010 பிப்ரவரி 25 அன்று சகோதரிகள் இருவரும் அதே நோட்டரி முன் உட்கார்ந்து, "முன்வாங்கும் உரிமை செல்லும், நிறுவனத்துக்குப் பேசிய அதே விலைக்கு நான்கு பங்கும் உனக்கே" என்று ஒப்பந்தம் செய்துகொண்டார்கள். ஆனால் ஒரு முடிச்சு போட்டார்கள். நிறுவனத்துடனான ஒப்பந்தத்திலிருந்து பின்வாங்கவில்லை, அல்லது அந்த உரிமையை விட்டுவிட்டேன் என்று விற்பவர் எழுதித் தரும்வரை பதிவேட்டில் பெயர் மாற்ற வேண்டாம் என்று நோட்டரியிடம் கேட்டுக்கொண்டார்கள். மார்ச் 2 அன்று வாங்கும் சகோதரி 40 லட்சம் யூரோவைக் கட்டினார்.

பணம் கைமாறிய பதின்மூன்றாம் நாள், மார்ச் 15 அன்று, விற்றவர் கடிதம் அனுப்பினார்: பின்வாங்கும் உரிமையைப் பயன்படுத்திவிட்டேன்.

மார்ச் 28 அன்று அந்த உரிமைக்கான கெடு முடிந்தது. மறுநாளே, மார்ச் 29 அன்று, நிறுவனம் மிலான் நீதிமன்றத்தில் இரு சகோதரிகள் மீதும் வழக்குப் போட்டது. முன்வாங்கும் உரிமையைப் பயன்படுத்தியது செல்லாது என்றும், தங்களோடு போட்ட ஒப்பந்தமே செல்லும் என்றும் அறிவிக்கக் கோரியது. பணம் கட்டிய சகோதரி ஜூலை 15 அன்று மியூனிக் மாவட்ட நீதிமன்றத்துக்குப் போய், பதிவேட்டில் நான்கு பங்கைத் தன் பெயருக்கு மாற்ற மற்ற சகோதரிக்கு உத்தரவிடக் கேட்டார்.

சொத்து ஜெர்மனியில். பதிவேடு ஜெர்மனியில். நோட்டரி ஜெர்மனியில். வழக்குப் போட்ட நிறுவனமும் ஜெர்மன் சட்டத்தின் பிள்ளை. முதல் வழக்கு மட்டும் இத்தாலியில். இதைப் படிக்கும் எவருக்கும் ஒரு புருவமாவது உயரும். மியூனிக் மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கும் உயர்ந்தது. அதைப் பின்னால் பார்ப்போம்.

முதலில் போட்டவருக்கே முதல் மரியாதை

மியூனிக் மாவட்ட நீதிமன்றம் தன் வழக்கை நிறுத்திவைத்தது. அன்று நடைமுறையில் இருந்த 44/2001 எண் ஐரோப்பிய ஒழுங்குமுறையின் 27ஆம் பிரிவு அப்படித்தான் சொன்னது. ஒரே தரப்பினரிடையே ஒரே வழக்குமூலத்தின் (வழக்குக்கு அடிப்படையான காரணத்தின்) பேரில் இரண்டு உறுப்பு நாடுகளில் வழக்கு வந்தால், இரண்டாவது நீதிமன்றம் தானாகவே நிறுத்தி, முதல் நீதிமன்றம் தன் அதிகாரத்தைப் பற்றி முடிவெடுக்கும்வரை காத்திருக்க வேண்டும்.

விதி நியாயமானதுதான். இரண்டு நாட்டில் இரண்டு விதமான தீர்ப்பு வந்தால் எதை நிறைவேற்றுவது? ஆனால் இந்த விதியைத் தந்திரமாகப் பயன்படுத்த ஒரு வழி எப்போதோ கண்டுபிடிக்கப்பட்டுவிட்டது. எதிராளி வழக்குப் போடப் போகிறார் என்று தெரிந்ததும், மெதுவாக நகரும் ஒரு நாட்டின் நீதிமன்றத்துக்கு முந்திக்கொண்டு ஓடி, "எனக்குக் கடமை எதுவும் இல்லை என்று அறிவியுங்கள்" என்று ஒரு வழக்கைப் போட்டுவிடுவது. அங்கே அதிகாரமே இல்லை என்று முடிவாகச் சில ஆண்டுகள் ஆகும். அதுவரை எதிராளியின் வழக்கு அசையாது. ஐரோப்பிய வக்கீல்கள் இதற்கு வைத்த பட்டப்பெயர் 'இத்தாலிய டார்பிடோ'.

2003 டிசம்பர் 9 அன்று வந்த காசர் எதிர் மிசாட் தீர்ப்பு இந்தத் தந்திரத்துக்குக் கதவைத் திறந்துவிட்டது போலானது. குழந்தைகள் உடை விற்ற ஆஸ்திரிய நிறுவனம், வாங்கிய இத்தாலிய நிறுவனம். இத்தாலியர்கள் முந்திக்கொண்டு ரோமில் வழக்குப் போட்டார்கள். ஆஸ்திரிய நீதிமன்றத்துக்கே அதிகாரம் என்று தங்களுக்குள் உடன்பாடு இருந்ததாக ஆஸ்திரியர்கள் வாதிட்டார்கள். ஐரோப்பிய நீதிமன்றம் சொன்னது: உடன்பாடு இருந்தாலும் இரண்டாவது நீதிமன்றம் காத்திருக்கத்தான் வேண்டும். முதல் நாட்டில் வழக்குகள் அதிகக் காலம் எடுக்கின்றன என்பதும் காரணமாகாது.

இந்தத் தீர்ப்பு இருக்கும்போது மியூனிக் மாவட்ட நீதிமன்றத்தைக் குறை சொல்ல முடியாது. மேல்முறையீட்டில்தான் வழக்கு திசை மாறியது.

மேல்முறையீட்டு நீதிமன்றம் கேட்டவை

மியூனிக் மேல்முறையீட்டு நீதிமன்றம் லக்சம்பர்க்குக்கு, அதாவது அங்கே இருக்கும் ஐரோப்பிய ஒன்றிய நீதிமன்றத்துக்கு, பல கேள்விகளை அனுப்பியது. அவற்றில் ஒன்று தரப்பினர் பற்றியது. மிலானில் இரு சகோதரிகளும் ஒரே பக்கம், பிரதிவாதிகள். மியூனிக்கில் அவர்கள் எதிரெதிர்ப் பக்கம். நிறுவனம் மியூனிக் வழக்கில் இல்லவே இல்லை. இதை 'ஒரே தரப்பினரிடையே' என்று சொல்லலாமா? இன்னொன்று நேரடியானது. முதல் வழக்கு ஏமாற்று நோக்கத்தோடு போடப்பட்டது என்று ஒருவர் சொன்னால், இரண்டாவது நீதிமன்றம் அதை விசாரிக்கலாமா?

மூன்றாவது வகைக் கேள்விதான் கடைசியில் வழக்கை முடித்துவைத்தது. அதே ஒழுங்குமுறையின் 22ஆம் பிரிவு, அசையாச் சொத்தின் மீதான உரிமை சம்பந்தப்பட்ட வழக்குகளை அந்தச் சொத்து இருக்கும் நாட்டின் நீதிமன்றம் மட்டுமே விசாரிக்கலாம் என்கிறது. தரப்பினர் எங்கே குடியிருக்கிறார்கள் என்பது இங்கே பொருட்டல்ல. அப்படியானால் இந்தத் தகராறு 22க்குள் வருகிறதா? வந்தால், இரண்டாவது நீதிமன்றம் காத்திருக்கத்தான் வேண்டுமா?

முதல் பாதி பார்ப்பதைவிடக் கடினம். நில விற்பனை பற்றிய எல்லா வழக்கும் நிலத்தின் மீதான வழக்கு ஆகிவிடாது. விற்பனை ஒப்பந்தத்தை ரத்துசெய்து நஷ்டஈடு கேட்டால், அது ஓர் ஆள் இன்னோர் ஆளிடம் கேட்பது. நிலத்தின் மதிப்பும் அளவும் பேச்சில் வந்தாலும், அது ஆள் மீதான உரிமைதான் என்று 2001இலேயே ஐரோப்பிய நீதிமன்றம் ஒரு வழக்கில் சொல்லியிருந்தது. சொத்தோடு ஒட்டிய உரிமை என்றால் உலகத்தில் யாருக்கு எதிராகவும் அது நிற்க வேண்டும். கையெழுத்துப் போட்டவருக்கு எதிராக மட்டும் நின்றால் போதாது.

முன்வாங்கும் உரிமையிலும் இந்த இரண்டு வகை உண்டு. ஜெர்மன் சிவில் சட்டத் தொகுப்பு ஒப்பந்தத்தால் மட்டும் பிறக்கும் முன்வாங்கும் உரிமைக்கு ஓர் இடமும், சொத்தையே பற்றிக்கொள்ளும் முன்வாங்கும் உரிமைக்கு (1094 முதல் 1104 வரையிலான பிரிவுகள்) வேறோர் இடமும் வைத்திருக்கிறது. இரண்டாவது வகை பதிவேட்டில் ஏறினால், மூன்றாம் நபர் வாங்கினாலும் அவரையும் அது கட்டும். 1971இல் யாரோ ஒரு நோட்டரி அதைப் பதிவேட்டில் ஏற்றிவைத்ததன் பலன் 2014இல் கிடைத்தது. பத்திரம் எழுதும்போது "இதெல்லாம் எதற்கு வீண் செலவு" என்று சொல்லும் குடும்பங்கள் எல்லா நாட்டிலும் உண்டு.

லக்சம்பர்க் சொன்னது

தீர்ப்பின் முடிவைச் சொல்லும் செயல்பாட்டுப் பகுதியில் இரண்டே அம்சங்கள்.

பதிவேட்டில் ஏறி, எல்லாருக்கும் எதிராகச் செல்லுபடியாகும் முன்வாங்கும் உரிமையைப் பயன்படுத்தியது செல்லாது என்று அறிவிக்கக் கோரும் வழக்கு, 22ஆம் பிரிவின் முதல் உட்பிரிவுக்குள் வருகிறது. அதாவது மிலானில் நிறுவனம் கேட்டதே, சொத்து இருக்கும் நாட்டின் நீதிமன்றத்தில் மட்டும் கேட்கக்கூடிய விஷயம்.

இரண்டாவது அம்சம்தான் காசர் தீர்ப்பின் வாலைப் பிடித்து நிறுத்தியது. இரண்டாவது நீதிமன்றம் தன் வழக்கை நிறுத்துவதற்கு முன், ஒன்றை ஆராய்ந்தே தீர வேண்டும்: முதல் நீதிமன்றம் தீர்ப்பு சொன்னால், அது 22ஆம் பிரிவை மீறியது என்ற காரணத்தால் மற்ற நாடுகளில் ஏற்கப்படாமல் போகுமா? போகும் என்றால் காத்திருக்கக் கூடாது.

இதன் தர்க்கம் எனக்கு மிகவும் பிடித்தது. 35ஆம் பிரிவின்படி, 22ஐ மீறிய தீர்ப்பை மற்ற உறுப்பு நாடுகள் ஏற்கக் கூடாது. அப்படியென்றால் மிலான் எத்தனை ஆண்டு எடுத்து எவ்வளவு நன்றாகத் தீர்ப்பு எழுதினாலும், அதை எடுத்துக்கொண்டு மியூனிக் பதிவேட்டு அலுவலகத்துக்குப் போனால் பெயர் மாறாது. பயன்படாத ஒரு தீர்ப்புக்காக, பயன்படும் தீர்ப்பைத் தரக்கூடிய ஒரே நீதிமன்றத்தைக் கைகட்டி உட்காரவைப்பது நீதி நிர்வாகமாகாது. முரண்பட்ட தீர்ப்புகளைத் தவிர்ப்பதற்குத்தானே 27ஆம் பிரிவு? இங்கே நின்று பேசப்போவது ஒரே தீர்ப்பு என்பதால் முரணுக்கே இடமில்லை.

நிலம் இருக்கும் ஊருக்கு ஏன் இவ்வளவு சலுகை என்பதற்கும் நீதிமன்றம் பழைய காரணத்தையே சொல்கிறது. உண்மைகளைத் தெரிந்துகொள்ளவும், அந்த இடத்தின் சட்டத்தையும் வழக்கத்தையும் பொருத்திப் பார்க்கவும் அருகில் இருப்பவருக்கே வசதி. பதிவேட்டு உரிமை, எழுதும் முறை, உரிமை மாறும் தருணம் எல்லாமே நாட்டுக்கு நாடு மாறும். இத்தாலிய நீதிபதிக்கு ஜெர்மன் சட்டத்தைப் படித்துச் சொல்ல முடியாது என்பதில்லை. படித்துச் சொல்ல வேண்டிய தேவை என்ன என்பதுதான்.

எனக்கு ஒட்டாத இடங்கள்

தரப்பினர் ஒன்றா என்ற கேள்விக்கும், தீய நோக்கம் பற்றிய கேள்விக்கும் லக்சம்பர்க் பதில் சொல்லவில்லை. 22ஆம் பிரிவே போதும் என்று மற்றவற்றைத் தொடாமல் விட்டது. வழக்குக்கு அது போதும்தான். ஆனால் டார்பிடோ தந்திரம் இந்தத் தீர்ப்பால் ஒழியவில்லை. நிலம், நிறுவனப் பதிவு, காப்புரிமை போன்ற தனி அதிகார வரம்புள்ள ஒரு சில விஷயங்களில் மட்டும் அது வேலை செய்யாமல் போனது. சாதாரணக் கொடுக்கல் வாங்கல் வழக்குகளில் அப்படியே இருந்தது. உடன்பாட்டின் மூலம் ஒரு நீதிமன்றத்தைத் தேர்ந்தெடுத்தவர்களுக்குப் பாதுகாப்பு, 2015 ஜனவரி 10 முதல் நடைமுறைக்கு வந்த 1215/2012 எண் புதிய ஒழுங்குமுறையின் 31ஆம் பிரிவில்தான் கிடைத்தது. பழைய 22 அதில் 24 ஆனது, 27 என்பது 29 ஆனது.

இன்னொரு சங்கடம்: எந்த வேண்டுகோள் நிலத்தைப் பற்றியது, எது ஆளைப் பற்றியது என்று பிரிப்பது. 2016 நவம்பரில் அதே நீதிமன்றத்துக்கு வியன்னா நிலம் ஒன்றைத் தகப்பன் மகளுக்குத் தானமாகக் கொடுத்த வழக்கு வந்தது. தானம் செல்லாது என்று அறிவிக்கும் வேண்டுகோள் ஆள் மீதானது, பதிவேட்டிலிருந்து மகள் பெயரை நீக்கும் வேண்டுகோள் நிலத்தின் மீதானது என்று தீர்ப்பாயிற்று. ஒரே மனுவின் இரண்டு வரிகள் இரண்டு பெட்டிகளில் விழுந்தன. எழுத்துப்படி சரி. வழக்காடுபவருக்குத் தலைவலி.

நம் சட்டத்தில் இது எப்படி இருக்கும்

இதே கதை ஒரு சொத்து சென்னையிலும் வழக்கு பெங்களூருவிலும் என்று வந்திருந்தால்? 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 16ஆம் பிரிவில், நிலத்தை மீட்பது, பாகம் பிரிப்பது, நிலத்தின் மீதான எந்த உரிமையையும் தீர்மானிப்பது ஆகியவற்றுக்கான வழக்கை நிலம் இருக்கும் இடத்தின் நீதிமன்றத்தில்தான் போட வேண்டும் என்கிறது. ஒரே சொத்து இரண்டு நீதிமன்ற எல்லைகளில் விரிந்திருந்தால், ஏதாவது ஒன்றில் போடலாம் என்பது 17ஆம் பிரிவு.

10ஆம் பிரிவுதான் மியூனிக் வழக்கோடு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டியது. முன்னதாகப் போட்ட வழக்கில் அதே தரப்பினர், அதே விஷயம் என்றால் பின்னால் வந்த வழக்கின் விசாரணை நிற்க வேண்டும். ஆனால் முதல் வழக்கு நடக்கும் நீதிமன்றம், கேட்கப்படும் பரிகாரத்தை வழங்கும் அதிகாரம் உடையதாக இருக்க வேண்டும் என்று அதே பிரிவில் எழுதியிருக்கிறது. ஐரோப்பா 2014இல் தீர்ப்பின் வழியே வந்து சேர்ந்த இடத்தில் நம் பிரிவு நூறு ஆண்டுக்கு மேலாக உட்கார்ந்திருக்கிறது. நிற்பதும் விசாரணை மட்டும்தான். இடைக்காலத் தடை போன்ற உத்தரவுகளைக் கேட்பதற்குத் தடையில்லை. வெளிநாட்டில் வழக்கு நடக்கிறது என்பதற்காக இங்கே நிறுத்த வேண்டியதில்லை என்று பிரிவின் விளக்கமே சொல்கிறது.

சட்டம் தெளிவாக இருந்தும் காலம் எப்படி வீணாகிறது என்பதற்கு 2005இல் உச்ச நீதிமன்றம் முடித்த, டி.எல்.எஃப். என்ற மனை விற்கும் நிறுவனத்தின் வழக்கைப் பார்க்கலாம். மனை ஹரியானாவின் குர்கானில். 1985இல் டெல்லியில் ஒப்பந்தம், டெல்லியில் பணம், நிறுவன அலுவலகமும் டெல்லி. டெல்லி நீதிமன்றங்களுக்கே அதிகாரம் என்று ஒப்பந்தத்திலேயே ஷரத்து. ஒப்பந்தத்தை நிறுவனம் ரத்துசெய்ததும் வாங்கியவர் 1988இல் டெல்லியில் வழக்குப் போட்டார். ஏற்றதை ஆற்றுக (ஒப்பந்தத்தில் சொன்னபடி செய்து கொடு) என்ற பரிகாரத்தோடு மனையின் சுவாதீனத்தையும் (மனையைத் தன் கையில் ஒப்படைப்பதையும்) கேட்டார். நிறுவனம் முதலில் அதிகாரத்தை ஒப்புக்கொண்டு எதிர்வழக்குரை (வழக்குக்குப் பதில் மனு) போட்டது. எட்டு ஆண்டுகளுக்கு மேல் கழித்து, இங்கே விசாரிக்க முடியாது என்று எதிர்வழக்குரையைத் திருத்தியது. உச்ச நீதிமன்றம் வரை போய், குர்கான் நிலத்தின் சுவாதீனத்தைக் கேட்கும் வழக்கை டெல்லி விசாரிக்க முடியாது, தரப்பினர் ஒத்துக்கொண்டாலும் இல்லாத அதிகாரம் வந்துவிடாது என்று முடிந்தது. பிராதை (வழக்கு மனுவை) சரியான நீதிமன்றத்தில் போடத் திருப்பிக் கொடுத்தார்கள். அதுவரை ஓடியது 17 ஆண்டு. சட்டப்படி இந்தத் தீர்ப்பில் குறை காண முடியவில்லை. எட்டு ஆண்டு கழித்து எழுப்பிய ஆட்சேபனைக்குக் கிடைத்த வெற்றி மனதுக்கு ஒப்பவும் இல்லை.

வேண்டுகோளை எப்படி எழுதுகிறோம் என்பதிலேயே நீதிமன்றம் முடிவாகிவிடும் இடமும் உண்டு. பம்பாய், கல்கத்தா, சென்னை உயர் நீதிமன்றங்களின் ஆரம்ப அதிகாரத்தை (வழக்கை முதல் கட்டத்திலேயே நேராக விசாரிக்கும் அதிகாரத்தை) வரையறுக்கும் 1865ஆம் ஆண்டு சாசனங்களின் 12ஆம் ஷரத்தில் 'நிலத்துக்கான வழக்கு' என்ற வகை இருக்கிறது. 2001இல் அட்கான் எலெக்ட்ரானிக்ஸ் வழக்கில், சுவாதீனம் கேட்காமல் ஏற்றதை ஆற்றுக என்று மட்டும் கேட்டால் அது நிலத்துக்கான வழக்கு ஆகாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. கிரையப் பத்திரம் எழுதிக் கொடு என்று ஆளிடம் கேட்பது ஒன்று, நிலத்தை விடு என்று கேட்பது இன்னொன்று. சுவாதீனத்தைத் தனியாகக் கேட்டால்தான் கிடைக்கும் என்று 1963ஆம் ஆண்டின் குறித்தவகைப் பரிகாரச் சட்டத்தின் 22ஆம் பிரிவும் சொல்வதால், எதைக் கேட்பது, எங்கே கேட்பது என்ற இரண்டையும் பிராது எழுதும் வக்கீல் ஒரே மூச்சில் யோசிக்க வேண்டியிருக்கிறது.

சரி, இரண்டு மாநிலங்களில் இரண்டு வழக்கு, இரண்டு நீதிமன்றத்துக்கும் ஏதோ ஒரு வகையில் அதிகாரம் இருக்கிறது என்றால்? அப்போது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 25ஆம் பிரிவின் கீழ், வழக்கை மாற்றித் தரக் கேட்டு உச்ச நீதிமன்றத்திடம் மனு போட வேண்டும். ஓர் உயர் நீதிமன்றம் தன் கீழுள்ள வழக்கை வேறு மாநிலத்துக்கு மாற்ற முடியாது என்று 2008இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. ஒரே மாநிலத்துக்குள் என்றால் 24ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றமே மாற்றித் தரும்.

தவறான இடத்தில் போட்டுப் பிராது திரும்பி வந்தவருக்கு ஒரு வாசல் இருக்கிறது. காலவரையறைச் சட்டத்தின் 14ஆம் பிரிவு, நல்லெண்ணத்தோடும் உரிய கவனத்தோடும் அதிகாரமில்லாத நீதிமன்றத்தில் செலவழித்த காலத்தைக் கணக்கில் கழித்துத் தருகிறது. ஆனால் எதிராளியை இழுத்தடிப்பதற்காகவே வேறு ஊரில் போட்டவர் அந்த நல்லெண்ணத்தை நிரூபிக்க வேண்டியிருக்கும்.